ஏரியில் காலியாகக் கிடந்த இடம்

நெருக்கடி நிலை முடிந்த வருஷம். பொன்னேரியில் ரயிலேறி என் எதிரே உட்கார்ந்தார் ஒரு மீனவர். உப்பில் வெளுத்த தாடி. மடியில் கறுப்புத் தண்ணீர் நிரம்பிய சோடா பாட்டில். அடிக்கடி மூடியைத் திறந்து மோந்து பார்த்துக்கொண்டார்.

"இன்னாண்ணே, மருந்தா?"

"ஏரித் தண்ணிப்பா. கம்பெனிக் கழிவால எறா சாவுதுன்னு சர்க்கார் ஆபீஸ்ல போய்ச் சொன்னேன். உள்ளதச் சொன்னா உடம்பெரிச்சல். பைத்தியம்னு எழுதி, பட்டணத்து ஆஸ்பத்திரில எட்டு மாசம் போட்டுட்டானுங்க."

வாராவாரம் டாக்டர் கேட்பாராம்: "இன்னும் தண்ணி கறுப்பாத்தான் தெரியுதா?" 'இல்லை' என்று சொல்லிவிட்டால் அன்றே வீடு.

"சொல்லிட்டு வந்திருக்கலாமே?"

"வந்திருக்கலாம். எறா பொழச்சிடுமா?"

அவர்கள் குப்பத்தில் சீட்டுக் குலுக்கி, ஏரியில் யார் எந்த நாள், எங்கே வலை போடுவது என்று முடிவு செய்வார்கள். அதற்குப் பாடு என்று பெயர். புத்தி பேதலித்தவனுக்குப் பாடு கிடையாது.

"எமர்ஜென்சி முடிஞ்சதும் வெளிய வுட்டானுங்க. ஊரும் என்னைத் தள்ளி வெச்சிருக்கும்னு பயந்துகினே வந்தேன். எட்டு மாசமும் என் நாள்ல ஒருத்தனும் வலை எறக்கலப்பா. என் எடம் சும்மாவே கெடந்துச்சு."

மீன் குறைந்து பசித்துக் கிடந்த ஊர் அது.

கும்மிடிப்பூண்டியில் எழுந்தார். எங்கே என்றேன்.

"அதே ஆபீஸுக்கு. நாளைக்கு என் பாடு. உள்ள போட்டாலும் எடம் அங்கதான் இருக்கும்."

அவர் இறங்கிய பிறகும் பெட்டியில் அந்தத் தண்ணீரின் நாற்றம் நின்றது. எல்லோரும் மூக்கைப் பொத்திக்கொண்டோம். ஏரி நாறுகிறது என்று வாய்விட்டுச் சொன்னவர் அவர் ஒருவர்தான்.