கோடைக்கானலில் ஜோசியம் சொன்ன ரோபோ

இந்த மே மாதம் இரண்டாம் வெள்ளி, கோடைக்கானல் குறிஞ்சி ஆண்டவர் கோயிலில் கூடியவர்கள் ஐந்து பேர்: நான், என் வீட்டுக்காரர், மகள் செல்வி, பூண்டியிலிருந்து வந்த பையன், அவன் அம்மா. பெண் பார்க்கும் சோலிதான். முருகன் முன்னிலையில் நடக்கட்டும் என்று அங்கே வைத்தோம். ஏற்கெனவே இரண்டு வரன் தட்டிப்போனவள் செல்வி.

பழனியில் காலை 6.10க்குப் பேருந்து. 64 கிலோமீட்டர், மூன்று மணி நேரம், ஆளுக்கு 75 ரூபாய். வளைவுகளில் தலை சுற்றும், எலுமிச்சம்பழம் வைத்துக்கொள்ளுங்கள்.

பிள்ளைகள் இருவருக்கும் பிடித்துப்போயிற்று. நிம்மதியாக ஏரிப் பக்கம் நடந்தோம். அங்கே பொருட்காட்சிக் கொட்டகையில் ஆள் உயர ரோபோ ஒன்று, நெஞ்சில் விளக்குகள் மினுங்க நின்றது. முப்பது ரூபாய் கொடுத்து ஹெட்போனை மாட்டினால் எதிர்காலம் சொல்லுமாம். பையனின் அம்மா ஆசையாக மாட்டினார். கழற்றும்போது முகம் வாடியிருந்தது.

"இந்த வருசம் வீட்ல நல்ல காரியம் வேணாங்குது மதினி. தள்ளிப் போட்டுருவோம்."

"மூணு ஜோசியரு பொருத்தம் நல்லாருக்குன்னாங்களே?"

"அவுங்க நம்ம மூஞ்சியப் பாத்து மாத்திச் சொல்லுவாங்க. மிஷினுக்கு எதுக்குங்க பொய்?"

செல்வி ஏரியையே பார்த்துக்கொண்டிருந்தாள். முருகா என்றேன் மனதுக்குள்.

"எனக்கு என்ன சொல்லுதுன்னு பாப்போம்" என்று என் வீட்டுக்காரர் ஹெட்போனை மாட்டினார். அரை நிமிடத்தில் குலுங்கிச் சிரித்தார்.

"தங்கச்சி, என் வயித்துப் பிள்ள சுகமாப் பொறக்குமாம்! மாடிப்படி ஏறக் கூடாதாம்!"

ரோபோக்காரர் தலையைச் சொறிந்தார். "மொத்தமே ஆறு பேச்சுதாண்ணே. வரிசையா ஓடும். ஆம்பள வந்தா மாத்தி வைக்கணும், மறந்துட்டேன்."

பையனின் அம்மா என் வீட்டுக்காரரின் நரைத்த மீசையைப் பார்த்தார், வயிற்றைப் பார்த்தார்.

"எத்தன மாசம்ணே?"

செல்விதான் முதலில் சிரித்தாள். எனக்குக் கண்ணீரே வந்துவிட்டது. அந்த அம்மா அவள் கையைப் பிடித்துக்கொண்டு, "இதப் போயி நம்புனேன் பாரு" என்றார்.

அவரைக் குறை சொல்ல மாட்டேன். விளக்கு மினுங்கி, கை தூக்கி, நம் பாஷையில் பேசினால் யாருக்கும் ஒரு நிமிடம் உண்மை என்று தோன்றத்தான் செய்யும். ஆனால் அந்த ஆறு பேச்சையும் யாரோ ஒரு மனிதர்தானே பேசி வைத்திருக்கிறார்!

போகிறவர்களுக்கு: சொந்த வண்டி என்றால் இ-பாஸ் முன்பே எடுங்கள், பேருந்துக்கு வேண்டாம். கோயிலிலிருந்து பழனி மலை தெரிய, மூடுபனி இறங்குமுன் போய்விடுங்கள்.

பூண்டி மதினி இதைப் படிப்பார். மதினி, மண்டபக்காரர் தினமும் கேட்கிறார். ஆவணியா, தையா? சீக்கிரம் பதில் சொல்லுங்கள்.