அத்தையின் கேக்குக்குப் பூ

அடுப்பிலிருந்து அப்போதுதான் இறக்கிய கேக்கின் வெண்ணெய் வாசனையும் வெனிலா வாசனையும் மூக்கில் ஏறினால், இன்றைக்கும் எனக்கு முதலில் நாக்கில் எச்சில் ஊறும், அடுத்த நொடியே கோபம் வரும். இரண்டும் சேர்ந்து வருவதற்குக் காரணம் என் ரீட்டா அத்தை. அப்பாவின் ஒரே தங்கை. அவளுடைய கல்யாணத்துக்கு முன்னால் வந்த மழைக்காலத்தைத்தான் சொல்கிறேன். எனக்கு எட்டு வயது இருக்கும், பெங்களூரு மர்பி டவுனில் இரண்டே அறை கொண்ட வீட்டில் அப்பா, அம்மா, அண்ணன்கள், அத்தை, நான் என்று எல்லோரும் முட்டி மோதிக்கொண்டு இருந்தோம்.

வீட்டில் நான்தான் கடைக்குட்டி. எனக்குத் துணி எடுப்பதென்றாலும் என்னைக் கேட்டு எடுத்தது கிடையாது. வாயைத் திறந்தால் "சும்னே இரு" என்று அண்ணன்கள் கன்னடத்தைக் கலந்து அடக்கிவிடுவார்கள். அப்படிப்பட்ட என்னிடம் அத்தை ஒரு நாள் தலை வாரிவிட்டுக்கொண்டே, "கல்யாணக் கேக்குல நெஜப்பூ வெக்கறதா, சர்க்கரைப்பூ வெக்கறதான்னு நீதாண்டி சொல்லணும். நீ சொன்னா சரி" என்றாள். எனக்குத் தலைகால் புரியவில்லை. அன்று பள்ளிக்கூடத்தில் ஒருத்தி விடாமல் எல்லோரிடமும் சொல்லிவிட்டேன்.

நிச்சயம் முடிந்துவிட்டால், மாதா கோயிலில் கல்யாண அறிவிப்பு ஓலை வாசித்துத் தாலி கட்டும்வரை பெண்ணும் மாப்பிள்ளையும் சந்திக்கக் கூடாது, பெண் தனியாக வெளியே போகவும் கூடாது என்பது எங்கள் வீட்டுச் சட்டம். போயே ஆகவேண்டும் என்றால் துணைக்கு ஒரு பிள்ளையை அனுப்புவார்கள். பிள்ளை கூடவே இருந்தால் எதுவும் நடக்காது என்று பெரியவர்கள் எதை வைத்து நம்பினார்களோ தெரியாது. ஆக, சனிக்கிழமை சாயங்காலம் ஆனால் அத்தையின் கையைப் பிடித்துக்கொண்டு அல்சூர் ஏரிக்குப் பக்கத்துக் கடைத்தெருவில் இருந்த பேக்கரிக்குப் போவது என் வேலையாயிற்று.

பேக்கரிக்காரரை எல்லோரும் "பாய்" என்றுதான் கூப்பிடுவோம். முட்டை அடுக்கும் அட்டைக் குழிகளில் அவர் சர்க்கரை மாவு இதழ்களைக் காயவைத்திருப்பார். காய்ந்ததும் ஒன்றோடொன்று ஒட்டினால் ரோஜா ஆகிவிடும். நிஜப் பூவென்றால் கல்யாணத்தன்று விடியற்காலையில் சந்தையில் வாங்கி, காம்பில் வெள்ளித்தாள் சுற்றிக் கேக்கில் செருக வேண்டும், சாயங்காலத்துக்குள் தலை தொங்கிவிடும் என்பார். சர்க்கரைப் பூ வாடாது, ஆனால் மழை ஈரம் பட்டால் வேர்த்து ஒழுகும், "பேஜார் கண்ணு" என்பார். நான் முக்காலியில் உட்கார்ந்து இதையெல்லாம் பெரிய மனுஷிபோலக் கேட்டுக்கொண்டிருக்கும்போது அத்தை, "நீ நல்லா யோசிச்சு வை, ஸ்வல்ப நேரத்துல தையக்கடைக்குப் போயிட்டு வந்துடறேன்" என்று கிளம்பிவிடுவாள். திரும்பி வர இருட்டத் தொடங்கிவிடும்.

முதல் சனிக்கிழமையே நான் முடிவுசெய்துவிட்டேன். சர்க்கரைப் பூதான், வெளிர் ரோஸ் நிறத்தில். வாடாத பூ என்றால் கல்யாணமாகி அத்தை மாப்பிள்ளையின் ஊரான ஹெப்பகோடிக்குப் போனபிறகும் ஒன்றை நான் கண்ணாடி அலமாரியில் வைத்துக்கொள்ளலாம் அல்லவா? அதைச் சொன்னதும் அத்தை என் கன்னத்தைக் கிள்ளி, "அவசரப்படாதடி, மழை வேற பெய்யுது, அடுத்த வாரமும் பாத்துட்டுச் சொல்லு" என்றாள். அடுத்த வாரமும் அதையே சொன்னேன், அவளும் அதையே சொன்னாள். நான் சரியாக யோசிக்கவில்லைபோலிருக்கிறது என்று எனக்கே சந்தேகம் வந்து, மூன்றாம் வாரம் நிஜப் பூ என்று மாற்றிச் சொல்லிப் பார்த்தேன். அதற்கும் "யோசி" என்றாள். ராத்திரியெல்லாம் பூவாகவே கனவு வந்தது.

கடைசியில் ஒரு நாள் அப்பா எரிந்து விழுந்தார். "ஒரு பூவுக்கு எத்தனை வாட்டிதான் போவீங்க?" அத்தை கண்ணை இமைக்காமல், "நான் என்னண்ணா பண்றது, இவதான் ஒரு நாள் இதுங்கறா, ஒரு நாள் அதுங்கறா, ஒரே அடம்" என்றாள். அப்பா என்னை முறைத்தார். அத்தைக்காகத் திட்டு வாங்குவது எனக்கு அப்போது பெருமையாகக்கூட இருந்தது. அன்று மாலை, இதுதான் கடைசி என்று, மறுபடியும் சர்க்கரைப் பூவையே சொன்னேன். "சரிடி, உன் இஷ்டம்" என்றாள்.

கல்யாணத்தன்று வரவேற்பு மண்டபத்தில் கேக்கின் மேல் மூடியிருந்த துணியை எடுத்தார்கள். சிவப்பு ரோஜா. நிஜப் பூ. ஓர் இதழின் ஓரம் அதற்குள் கறுத்திருந்தது.

கேக்கைக் கொண்டுவந்திருந்த பாயிடம் நேராக ஓடினேன். "நான் சர்க்கரைப்பூதானே சொன்னேன்?" அவர் முகம் ஒரு மாதிரியாகிவிட்டது. "மொதல் நாளே உங்கத்தை நெஜப்பூன்னு சொல்லி முடிச்சுட்டாங்களே கண்ணு. நீ வந்து உக்காந்து பேசினா எனக்கும் நல்லாத்தான் இருந்துச்சு" என்றார். அதாவது அவரும் கூட்டு. அடுத்து மாப்பிள்ளை, அதாவது அந்தோணி மாமா, குனிந்து என் கையில் பெரிய சாக்லேட்டைத் திணித்து, "உன்னாலதான் நாங்க வாராவாரம் ஏரிக்கரைல உக்காந்து பேச முடிஞ்சுது, தேங்க்ஸ்டா" என்று காதோடு சொன்னார். பாவம், அவருக்கு நான் எல்லாம் தெரிந்தே உதவியதாக நினைப்பு. அத்தை பக்கத்தில் நின்று சிரித்தாள். சந்திக்கப் போகிறேன், நீ இங்கே இரு என்று சொல்லியிருந்தாலும் நான் உட்கார்ந்திருப்பேனே, யாரிடமும் மூச்சு விட்டிருக்கமாட்டேனே! என்னை அவள் நம்பவில்லை, நம்பியதுபோல நடித்தாள். இதுதான் எனக்கு ஆறவில்லை. கேக்கைத் தொடக்கூட இல்லை. "பாருங்க, பூவுக்கு அடம் புடிச்சவ இப்ப கேக்குக்கும் அடம் புடிக்கறா" என்று சொந்தக்காரர்கள் சிரித்தார்கள். "அடம்" என்பதே அதற்கப்புறம் என் பெயரானது.

பாய் காலமாகிவிட்டார். அந்த பேக்கரி இருந்த இடத்தில் மொபைல் கவரும் சார்ஜரும் தொங்குகின்றன. கேக்கைப் போனில் படம் பார்த்தே முடிவுசெய்கிறார்கள், அடுக்குகளில் பாதி தெர்மோகோல். கல்யாணப் பெண்ணுக்குக் காவலாகப் பிள்ளையை அனுப்பும் வீடும் இப்போது இல்லை. அது ஒழிந்ததில் எனக்கு ஒரு வருத்தமும் கிடையாது.

போன மாதம் ஹெப்பகோடி போயிருந்தேன். அத்தை மகளுக்குக் கல்யாணம். சர்க்கரைப் பூவா நிஜப் பூவா என்று அந்தப் பெண் போனை நீட்டி என்னிடம் கேட்க, இத்தனை வருஷம் அடக்கி வைத்திருந்ததை அன்று அத்தையின் முகத்துக்கு நேராகக் கேட்டுவிட்டேன். ஏன் அத்தை அப்படிச் செய்தாய் என்றேன். அவள் கண்ணாடியைக் கழற்றி முந்தானையில் துடைத்துக்கொண்டே நிஜமாகவே யோசித்தாள். நடிக்கவில்லை, எனக்கு நன்றாகத் தெரியும்.

"என் கேக்குல பூ இருந்துச்சா? ஞாபகமே இல்லடி. ஏரிக்கரைல மாமாவும் நானும் உக்காந்திருந்தது மட்டும் நேத்து மாதிரி இருக்குது" என்றாள். பிறகு கண்ணாடியை மாட்டிக்கொண்டு என்னைப் பார்த்துக் கேட்டாள்: "ஆமா, நீ எங்கடி இருந்தே அப்போ?"