வாதி வராத நாள்

யுத்த காலத்தில், ஓர் ஐப்பசி மாதம், பெரியகுளம் கோர்ட்டில் நடந்தது இது. அப்போது எனக்குக் கல்யாணமாகி மூன்று வருஷம். சின்னமனூர்ப் பக்கத்தில் இருந்த கணவர் வீட்டை விட்டு, தேவதானப்பட்டியில் அண்ணன் வீட்டுக்கு வந்துவிட்டிருந்தேன்.

காரணம், பக்கத்துத் தோட்டத்துக்காரி. கணவனை இழந்தவள். என்னிடம் "சோறு ஆச்சா" என்பதற்கு மேல் பேசாத என் கணவர், வாய்க்கால் கரையில் அவளோடு பேசும்போது சிரிப்பார். தப்பாக ஒன்றையும் நான் கண்டதில்லை. அந்தச் சிரிப்பே எனக்குப் போதுமாக இருந்தது. ஒரு நாள் பெட்டியைக் கட்டிக்கொண்டு கிளம்பிவிட்டேன்.

இரண்டு முறை வந்து கூப்பிட்டார். நான் முகம் கொடுக்கவில்லை. கடைசியில், மனைவியைச் சேர்ந்து வாழ அனுப்ப வேண்டும் என்று கோர்ட்டில் வழக்குப் போட்டார். நீதிபதி முன்னால் 'போகமாட்டேன்' என்று சொல்லவே அன்று போயிருந்தேன்.

டவாலி போட்ட சேவகர் வாசலில் நின்று அவர் பெயரை மூன்று முறை கூப்பிட்டார். ஆள் இல்லை. கட்சிக்காரர் வரவில்லை, தகவலும் இல்லை என்றார் அவருடைய வக்கீல். வாதி ஆஜராகாததால் வழக்குத் தள்ளுபடி ஆனது.

அண்ணனுக்கு ஒரே சந்தோஷம். காபி கிளப்புக்குக் கூட்டிப்போனார். நான் டம்ளரைத் தொடாமல் அப்படியே வைத்துவிட்டேன். வழக்குப் போட்ட மனுஷன் ஏன் வரவில்லை? நான் வேண்டாமென்றே ஆகிவிட்டதா? அவள் வீட்டில் உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருக்கிறாரா? நெஞ்சு எரிந்தது. சின்னமனூர் பஸ்ஸைப் பார்த்ததும் எழுந்துவிட்டேன்.

"கேசு செயிச்சுட்டு எங்கன போற?" என்றார் அண்ணன்.

"அவுக ஏன் வரலைன்னு தெரியணும்ணே."

தலையில் அடித்துக்கொண்டு அவரும் கூடவே ஏறினார். பெட்ரோல் தட்டுப்பாட்டால் கரிப்புகையில் ஓடிய பஸ் அது. ஊர் போய்ச் சேரப் பொழுது சாய்ந்துவிட்டது.

வீடு திறந்து கிடந்தது. என் அடுப்பில் அவள் கஞ்சி கிண்டிக்கொண்டிருந்தாள். பாய்ந்து கரண்டியைப் பிடுங்கியிருப்பேன். அதற்குள் மூலையில் கம்பளிக்குள் ஒருவர் நடுங்குவது தெரிந்தது.

"கோர்ட்டுக்குப் போகணும்னு காலையில சட்டையப் போட்டாக. குளிர்காய்ச்சல், வாசல்லயே விழுந்துட்டாக. இந்தா ஆத்தா, இனி நீ பாத்துக்க" என்று கரண்டியை என் கையில் கொடுத்துவிட்டு அவள் போய்விட்டாள்.

அவர் கண்ணைத் திறந்து, "கேசு என்னாச்சு?" என்றார்.

"தள்ளுபடி."

"அப்ப நீ வரமாட்ட."

"வந்துதான நிக்கேன்."

அரிசி கிடைக்காத நாள் அது. வேறு கஞ்சி வைக்க வழியில்லை. அவள் காய்ச்சியதையே ஊட்டினேன். சீரகம் தட்டிப் போட்டு, அவருக்குப் பிடித்த பக்குவத்தில் இருந்தது. ஒரு சொட்டு மிச்சமில்லாமல் குடித்தார். அதற்கும் எரிந்தது எனக்கு.

அதற்குப் பிறகு அந்த வீட்டை விட்டு நான் போகவில்லை. மனு போட்டால் வழக்கைத் திரும்ப எடுப்பார்கள் என்று வக்கீல் சொல்லியனுப்பினார். என் கணவர் அந்தப் பக்கமே போகவில்லை. பக்கத்துத் தோட்டத்துக்காரி இப்போதும் வந்து போகிறாள். எனக்கு இன்னும் சுருக்கென்றுதான் இருக்கிறது.

ஆனாலும் ஒன்றை நினைத்தால் இன்றும் பயமாக இருக்கிறது: அன்று காய்ச்சல் வராமல் அவர் கோர்ட்டுக்கு வந்திருந்தால், நாலு பேர் முன்னால் 'போகமாட்டேன்' என்று சொல்லியிருப்பேன், சொன்ன வீம்புக்காகவே ஆயுசு முழுக்க அண்ணன் வீட்டில் இருந்திருப்பேன்.