கத்தாழை இல்லாத ரிப்போர்ட்

'மீன் ஒலி இல்லை' என்று எழுதியவன் நான்தான். இன்று நினைத்தாலும் என்மேலேயே எரிச்சல் வருகிறது.

சிதம்பரத்தில் ஒரு கடல் ஆய்வுக்கூடத்தில் டெக்னீசியனாக இருந்தேன். கடலூர் முகத்துவாரத்தில் மண் தோண்டி ஆழப்படுத்த ஒரு கம்பெனி அனுமதி கேட்டிருந்தது. அங்கே மீன் முட்டையிட வருகிறதா என்று தண்ணீருக்குள் மைக் இறக்கிக் கேட்டுச் சொல்வது எங்கள் வேலை. அந்த மைக்குக்கு ஹைட்ரோபோன் என்று பெயர்.

என்னை ஏற்றிப்போன பைபர் போட் அந்த ஊர் மீனவர் மாசிலாமணியுடையது. சாயங்காலம், இன்ஜினை நிறுத்தியதும் அவர் துடுப்பைத் தண்ணீரில் விட்டு, அதன் கைப்பிடியில் காதை வைத்தார். அவர்கள் ஊரில் கத்தாழை மீனைத் தேடுவது அப்படித்தான்.

"கத்தாழ கத்துது சார். முட்ட போட வந்துருக்கு. இந்த தபா ஜாஸ்தி."

என் ஹெட்போனில் இறால் சொடுக்குகிற சடசடப்பு மட்டும்தான். இவ்வளவு பெரிய மெஷினுக்குக் கேட்காதது மரக்கட்டைக்குக் கேட்குமா என்று சிரித்தேன். லாக் ஷீட்டில் 'இல்லை' என்று எழுதிக் கையெழுத்தும் போட்டேன்.

மறுவாரம் மெஷினைத் துடைக்கும்போது பார்த்தால், ஃபில்டர் ஆனில் இருந்தது. போட் இரைச்சலைத் தவிர்க்க நானே போட்டது. அது தாழ்ந்த ஒலியையெல்லாம் வெட்டிவிடும். கத்தாழையின் சத்தமும் தாழ்ந்ததுதான்.

புராஜெக்ட் தலைவரிடம் ஓடிச் சொன்னேன். அவர் ஃபைலிலிருந்து தலையைக்கூடத் தூக்கவில்லை.

"ரிப்போர்ட் போயிடுச்சுய்யா. மீனு வந்து கேஸ் போடப்போவுதா?"

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. மாசிலாமணி வலைக்கு அடுத்த வருஷம் மீன் வருவதே அந்த இடத்தை நம்பித்தான். மெஷினைப் பையில் போட்டுக்கொண்டு அன்றைக்கே கடலூர் பஸ் ஏறினேன். மாசிலாமணி போட்டிலேயே போய் அதே இடத்தில், ஃபில்டரை ஆஃப் செய்து மைக்கை இறக்கிப் பதிவு செய்தேன். டொக் டொக்கென்று கதவைத் தட்டுகிற மாதிரி, கூட்டம் கூட்டமாகக் கத்தாழை. ஹெட்போனை மாசிலாமணியிடம் நீட்டினேன். அவர் வாங்கவில்லை.

"எனக்கு எதுக்கு சார்? நான்தான் அன்னிக்கே கேட்டுட்டனே. அவுங்களுக்குப் போட்டுக் காட்டுங்க."

கம்பெனி அனுமதிக்கான கருத்துக்கேட்புக் கூட்டத்தில், தலைவர் முறைக்க முறைக்க அந்தப் பதிவை ஸ்பீக்கரில் போட்டேன். முதல் ஷீட்டில் கையெழுத்து யாருடையது என்று அதிகாரி கேட்டார். என்னுடையது என்றேன். மறு ஆய்வு முடியும்வரை அனுமதியை நிறுத்தி வைத்தார்கள். மெமோ எனக்கு வந்தது, தலைவருக்கு வரவில்லை. அந்த வயிற்றெரிச்சல் இன்னும் அடங்கவில்லை.

இந்த வேலைக்கு வருகிறவர்களே, கேட்கவில்லையென்றால் 'எனக்குக் கேட்கவில்லை' என்று எழுதுங்கள். 'இல்லை' என்று எழுத உங்களுக்கு அதிகாரம் கிடையாது. துடுப்பில் காது வைத்தவருக்கு என்ன கேட்டது என்பதையும் அதே ஷீட்டில், அவர் பெயரோடு எழுதுங்கள்.