கல்லுக்குப் பூசிய மஞ்சள்

கிரிவலக் கூட்டம் பெருகத் தொடங்கியிருந்த சமயம் அது. அடி அண்ணாமலையில் பாதையை ஒட்டினாற்போல் எங்கள் மல்லாட்டைக் கொல்லை; வேர்க்கடலை விளையும் நிலம். அதன் மூலையில் எழுத்து வெட்டிய பழைய கல் ஒன்று நின்றது.

ஒருநாள் ஒருவர் வந்தார். ஊர் ஊராகப் போய்க் கல்வெட்டு படிக்கிறவராம். கல்லைக் குனிந்து பார்த்தார். ஈரக் காகிதம் ஒட்டி மை ஒற்றிப் படியெடுக்க மறுநாள் வருவதாகச் சொல்லிவிட்டுப் போனார்.

"கோயில் நிலம்னு எழுதியிருந்தா நம்மள காலி பண்ணச் சொல்லிடுவாங்க. சும்மாவா ஒருத்தன் இவ்ளோ தூரம் வருவான்?" என்றேன் கணவரிடம்.

விடிந்ததும் கல் முழுக்க மஞ்சள் பூசி, குங்குமம் வைத்து, சிவப்புத் துணி கட்டினேன். சாமிமேல் எவன் மை பூசுவான்?

வந்தவர் செருப்பைக் கழற்றிவிட்டுக் கும்பிட்டார். "இது எப்போலேர்ந்தும்மா?"

"எங்க மாமனார் காலத்துலேர்ந்து" என்றேன், கூசாமல்.

சிரித்தார். "பயப்படாதீங்கம்மா. நேத்தே கொஞ்சம் படிச்சிட்டேன். மாட்டை மீட்கப் போய்ச் செத்தவனுக்கு வெச்ச கல்லு. நிலத்தப் பத்தி ஒண்ணும் இல்ல."

நான் நம்பவில்லை. அவர் போன பிறகும் மஞ்சளைக் கழுவவில்லை.

அடுத்த பௌர்ணமிக்கு யாரோ கற்பூரம் ஏற்றினார்கள். பிறகு உண்டியல் வந்தது. தகரக் கொட்டகையும் வந்தது. உழப்போன என் கணவரை, "சாமி இருக்கிற இடத்துல ஏர் ஓட்டுறியா?" என்று யாரோ வெளியூர்க்காரர்கள் அதட்டி அனுப்பினார்கள்.

அந்த மூலை இன்று கோயில் நிலம். கல்லில் இல்லாததை என் கையாலேயே மஞ்சளில் எழுதிவிட்டேன்.