முழங்கால் போடாத ஞாயிறு

ஆலயத்தின் சிமெண்டுத் தரையில் மகனின் காலைத் தாங்கும் கம்பி பூட்ஸ் டக்கென்று தட்டியது. ஆசீர்வாதம் வாங்க முன்னால் போகத் துடித்தான். எல்லோரும் திரும்பிப் பார்ப்பார்களே என்று அவன் சட்டையைப் பிடித்துக்கொண்டேன்.

கடம்பத்தூரில் நான் சிறுமியாக இருந்தபோது, இளம்பிள்ளைவாதம் வந்த அக்காவின் பூட்ஸும் இப்படித்தான் தட்டும். முழங்கால் போட முடியாததால் அவள் நற்கருணை அப்பம் வாங்கவே போவதில்லை. ஒரு ஞாயிறு போதகர், "இன்னிக்கி எல்லாரும் நின்னுகினே வாங்குங்க" என்றார்.

"இன்னா ஐயரே, முட்டி போடாமயா?" என்று போதகரைக் கேட்டார் முன்வரிசையில் ஒருவர்.

"எனக்கே முட்டி வலிக்குதுபா."

அம்மா மட்டும் பழக்கத்தில் முழங்கால் போட்டுவிட்டாள். அக்காதான் கைகொடுத்து எழுப்பினாள்.

மகனின் இந்த பூட்ஸ் சத்தம் யாருக்கு இடைஞ்சல், திரும்பிப் பார்ப்பவர்களுக்கா, எனக்கா? சட்டையை விட்டேன். டக், டக்கென்று போனவன் பாதி வழியில் நின்று, "நீயும் வாம்மா" என்று கை நீட்டினான்.