வரைபடத்தில் ஒரு புள்ளி

இலங்கைப் போர்க்குற்ற விசாரணைக்குச் சாட்சியம் திரட்டும் குழுவில் எனக்கு வரைபட வேலை. லண்டனில், செவன் கிங்ஸ் பகுதியில் ஒரு தேநீர்க் கடையில் அவரைச் சந்தித்தேன். வன்னியில் ஆஸ்பத்திரி அம்புலன்ஸ் ஓட்டியவர். இடது காதில் பாதி இல்லை. வீட்டு முகவரியை யாருக்கும் சொல்லமாட்டார். பஸ் நிறுத்தத்துக்கு வரச்சொல்லித் தானே கூட்டிப்போவார்.

என்னிடம் மூன்று கேள்விகள்: என்ன நடந்தது, யார் யார் இறந்தார்கள், எந்த இடம். முதல் இரண்டுக்கும் தயங்காமல் பதில் சொன்னார். பிரசவ வார்டில் ஷெல் விழுந்தது. கூரைத் தகடு தாய்மாரை வெட்டியது. உடல் துண்டுகளை விரிப்பில் அள்ளியவர் அவர்.

மடிக்கணினியைத் திருப்பினேன். "இடத்தைக் காட்டுங்கோ அங்கிள்."

"ஆருக்குப் போகும், பிள்ளை?"

"ஜெனீவாவுக்கு, ஐ.நா.வுக்கு."

சிரித்தார். "அண்டைக்கும் வெளிநாட்டு உதவிக்காரர் இடத்தைத்தான் கேட்டவை. ஆஸ்பத்திரி எண்டு தெரிஞ்சா ஆமிக்காரர் அடிக்கமாட்டினமாம். நான்தான் ஜிபிஎஸ் பாத்து எழுதிக் குடுத்தனான். அடுத்தநாள் விடிய விழுந்தது."

"இடம் இல்லாட்டி வழக்கு நிக்காது, அங்கிள்."

"ஓம், தெரியும்."

விரலால் திரையைத் தொட்டார். செயற்கைக்கோள் படத்தில், அந்தப் புள்ளியில் கூரையில்லாத கட்டடம் ஒன்று இருந்தது.

உடனே இரண்டு கோப்பைகளையும் எடுத்துக்கொண்டு எழுந்தார். "வாங்கோ பிள்ளை. இடம் சொன்னாப் பிறகு இதிலை இருக்க ஏலாது."

உள்ளே கடைசி மேசைக்குப் போனோம். நாங்கள் விட்டுவந்த ஜன்னலோர மேசையில் ஒரு தாயும் குழந்தையும் வந்து உட்கார்ந்தார்கள். அவர்கள் எழுந்து போகும்வரை என்னால் வேறெங்கும் பார்க்க முடியவில்லை.